பகாவ் வீட்டில் ஒரு நடிகை

சிவா என் வீட்டு வாசலில் காலணியைக் கழற்றியபோது மழை அப்போதுதான் விட்டிருந்தது. நீலாய்த் தொழிற்சாலையில் பகல் வேலை முடிந்து, சீருடையோடு நேராக வந்திருந்தார். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. தேநீர் வேண்டுமா என்றேன், வேண்டாமென்று தலையசைத்தார்.

"எங்க வச்சிருக்கீங்கக்கா?" என்று கேட்டார்.

நான் எடுத்த படத்தைத்தான் கேட்கிறார் என்று தெரியும். ஆனாலும் தன் அம்மாவை எங்கே வைத்திருக்கிறேன் என்று கேட்டதுபோல இருந்தது எனக்கு.

பின்னறைக்கு அழைத்துப்போனேன். என் மகள் படித்த அறை அது. அவள் கல்யாணமாகிப் போன பிறகு படத்தொகுப்பு அறையாக்கிக்கொண்டேன். விமான நிலையம் பக்கம் என்பதால் விமானங்கள் தாழப் பறக்கும், சன்னல் கண்ணாடி அதிரும். ஒலி வேலை செய்யும்போது அது பெரிய தொல்லை. அன்றைக்கு ஒன்றன்பின் ஒன்றாக அவை போய்க்கொண்டிருந்தது நல்லதாயிற்று. நாங்கள் இருவரும் பேசாமலிருப்பதற்கு ஒரு காரணம் கிடைத்தது.

அவருடைய அம்மாவின் கருமாதி முடிந்து சில வாரங்கள்தான் ஆகியிருந்தன. அம்மாவைப் பற்றி நான் ஒரு படம் எடுத்திருக்கிறேன் என்பதே, தொலைபேசியில் நான் சொல்லித்தான் அவருக்குத் தெரியும். எங்கம்மாவ எதுக்கு எடுத்தீங்க, அவங்க என்ன செஞ்சாங்க என்று திரும்பத் திரும்பக் கேட்டார். வந்து பாருங்க, அப்புறம் பேசலாம் என்று மட்டும் சொல்லியிருந்தேன்.

நாற்காலியை அவர் பக்கம் நகர்த்திவிட்டுப் படத்தை ஓடவிட்டேன்.

முதல் நாள் பொய்கள்

இந்தத் தொடரைப் படித்துவருகிறவர்களுக்கு என் தொழில் தெரியும். மலேசியத் தமிழ்க் கலைஞர்களை வாழ்க்கைப் படமாக எடுப்பவள் நான். அதற்கு ஆவணப்படம் என்று பெயர். எங்கள் ரப்பர்த் தோட்டத்து ஆட்கள் அதைக் கடைசிவரை 'கல்யாண வீடியோ மாதிரி ஒண்ணு' என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார்கள். பிழைப்புக்குக் கல்யாண வீடியோவும் எடுத்திருக்கிறேன் என்பதால் நான் மறுத்துப் பேசியதில்லை.

இத்தனை வருடத்தில் ஒன்று புரிந்தது. கலைஞர்கள் முதல் நாள் உண்மை பேசுவதில்லை. வாங்கிய பொன்னாடையைப் பற்றிப் பேசுவார்கள். குருவைப் பற்றிப் பேசுவார்கள். கேமராவைப் பார்த்தவுடன் முதுகு நிமிர்ந்துவிடும்.

சிரம்பானில் ஓர் எழுத்தாளர். ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர். நான் வருகிறேன் என்று காலையிலேயே தலைக்கு மை பூசியிருந்தார். விளக்குச் சூட்டில் வியர்த்து, மை காதோரம் வழிந்து சட்டைக் கழுத்தில் இறங்கியது. அவர் இலக்கியத்தின் நோக்கம் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார். நிறுத்தவும் முடியவில்லை, பார்த்துக்கொண்டிருக்கவும் முடியவில்லை. கடைசியில் அவர் மனைவி அடுப்படியிலிருந்து ஈரத்துண்டோடு வந்து, என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு, பிள்ளைக்குத் துடைப்பதுபோலத் துடைத்துவிட்டுப் போனார். அதற்குப் பிறகுதான் அவர் தன் கதைகளைப் பற்றி ஒழுங்காகப் பேசினார்.

இன்னொருவர் தவில் வித்துவான். அவரைப் பற்றி எல்லாரும் பேசி முடித்த பிறகு, அவர் வாசிப்பில் உங்களுக்கு எது பிடிக்கும் என்று அவர் மனைவியிடம் கேட்டேன். அந்தம்மா என் உதடுகளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மெதுவாகச் சொன்னார், "எனக்குக் காது கேக்காம போயி ரொம்ப வருசம் ஆச்சு புள்ள. அவருகிட்ட சொல்லிறாத. வாசிச்சிட்டு என் மூஞ்சியத்தான் பாப்பாரு."

அந்தப் பகுதியை நான் படத்தில் சேர்க்கவில்லை. அவர்கள் இருவருமே இன்று இல்லை. அதனால் இங்கே எழுதுகிறேன்.

ரந்தாவ் ஓவியர் சொன்ன பெயர்

ரந்தாவில் ஒரு படுதா ஓவியர் இருந்தார். தோட்டத்து நாடகங்களுக்கு அரண்மனை, காடு, கடற்கரை என்று பின்திரைகள் வரைந்தவர். அவரைப் படமெடுக்கப் போன முதல் நாளே என் கேமராவை ஒதுக்கிவிட்டுச் சொன்னார்.

"என்னைய எடுத்து என்னம்மா செய்யப் போற? ரஞ்சிதத்தத் தேடிப் போய் எடுலா. அவ முன்னாடி நின்னா என் அரண்மனையெல்லாம் எவன் கண்ணுக்கும் தெரியாது."

அந்தப் பெயரை நான் முன்பே கேட்டிருந்தேன். எழுத்தாளரும் சொன்னார், தவில்காரரும் சொன்னார். கோலா சாவா பக்கத்துத் தோட்டங்களில் நடித்தவள். பெண் வேடத்தை மீசை மழித்த ஆண்கள் கட்டிக்கொண்டிருந்த காலத்தில் தானாக மேடையேறிய ரப்பர் பால்வெட்டுக்காரி. பத்து வருடம்போல நடித்தாள், பிறகு காணாமல் போய்விட்டாள். ஒருவரிடமும் ஒரு புகைப்படம்கூட இல்லை. இறந்துவிட்டாள் என்றார் ஒருவர். தமிழ்நாட்டுக்குப் போய்விட்டாள் என்றார் இன்னொருவர்.

ஓவியருக்குத் தெரிந்திருந்தது. லாரி ஓட்டும் முனியாண்டி என்பவரைக் கட்டிக்கொண்டு பகாவ் போனாள் என்றார். ரஞ்சிதம் என்பது மேடைப் பெயர். சொந்தப் பெயர் தங்கலெட்சுமி.

பகாவில் பழைய லாரிக்காரர்கள் தேநீர் குடிக்கும் கடையில் விசாரித்தேன். வரிசை வீடுகள் கொண்ட ஒரு தாமானில், முனை வீட்டைக் காட்டினார்கள். வாசலில் செம்பருத்தி, கொடியில் போர்வை. கதவைத் திறந்த அம்மாவுக்கு எழுபதைத் தாண்டிய வயது. கையில் மருந்துக் கிண்ணம். உள்ளே கணவர் வாதம் வந்து, பேச்சும் போய்ப் படுத்திருந்தார்.

"ரஞ்சிதம் அம்மாவப் பாக்க வந்தேன்" என்றேன்.

அவர் கிண்ணத்தைக் கீழே வைக்கவில்லை. திடுக்கிடவும் இல்லை. தெருவை இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு, "உள்ள வா" என்றார்.

வார நாள்களில் மட்டும்

ஒரே மகன். மனைவி பிள்ளைகளோடு அவர் நீலாயில் இருந்தார். சனி ஞாயிறுகளில் பகாவ் வருவார். அதனால் நான் வார நாள்களில் மட்டும் வர வேண்டும் என்பது அம்மாவின் நிபந்தனை.

பிள்ளையிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். எனக்கு அது புரியவே இல்லை. கொலையா செய்தார், நாடகத்தில்தானே நடித்தார்.

"சொல்லலாம்னுதான் இருந்தேன். சின்னப் பிள்ளைல சொன்னா பள்ளிக்கூடத்துல பேசிருவான்னு பயம். மாமியா வேற இருந்தாங்க, கூத்தாடின்னு ஒரு வார்த்த சொல்லிட்டா அவ்வளவுதான். அப்புறம் பெரியவனாயிட்டான். அப்புறம் கல்யாணம். நேரம் வரும் வரும்னு பாத்தேன், வரல."

அவர் எல்லாரையும் போல முதல் நாள் பொய் சொல்லவில்லை. சொல்ல ஆரம்பித்ததும் சொல்லிக்கொண்டே போனார். கணவருக்குக் கஞ்சி ஊட்ட எழுந்துபோவார், திரும்பி வந்து விட்ட வார்த்தையிலிருந்து தொடர்வார். அத்தனை வருடமாக யாராவது கதவைத் தட்டட்டும் என்று காத்திருந்தவர்போல இருந்தது.

மேடையில பாத்துத்தான் என்னைக் கட்டிக்கிட்டாரு, கட்டிக்கிட்ட பிறகு மேடைய விட்டுருன்னாரு என்றார். அதில் கோபம் இல்லை. அடுத்த வீட்டுக்காரர் குடிமாறிப் போனதைச் சொல்வதுபோலச் சொன்னார். கோபமே வரவில்லையா என்றேன். வந்துச்சு, எத்தன வருசத்துக்கு வச்சிருக்க முடியும் என்று என்னையே திருப்பிக் கேட்டார்.

சயாமுக்குப் போனவர்கள்

அவர் அதிகம் நடித்தது ஒரே நாடகம். தோட்டத்துக் கணக்கு எழுதும் கிராணி ஒருவர் எழுதியது. ஜப்பான்காரன் காலத்தில் சயாமுக்கு, இன்றைய தாய்லாந்துக்கு, ரயில் பாதை போட ஆள் பிடித்துப் போனானே, அந்தக் கதை. போர் முடிந்து, பிழைத்தவர்கள் எலும்பும் தோலுமாகத் திரும்பி வருகிறார்கள். ஒருத்தி ரயிலடியில் நின்று இறங்கும் ஒவ்வொருவரிடமும் தன் புருஷனைப் பார்த்தீர்களா என்று கேட்கிறாள். அவ்வளவுதான் கடைசிக் காட்சி.

அவருடைய அப்பாவும் அப்படிப் போனவர்தான். மகள் பிறந்தபோது அவர் தோட்டத்தில் இல்லை, திரும்பி வரவும் இல்லை. அம்மா மறுகல்யாணம் செய்யாமல், பால்வெட்டி மகளை வளர்த்தார். மகள் நாடகத்தில் சேர்ந்ததும் பேசுவதை நிறுத்திவிட்டார். ஒரே வீட்டில், ஒரே அடுப்பில், பேச்சில்லாமல் பல மாதங்கள்.

திருவிழாவில் அந்த நாடகம். அம்மா வரமாட்டாள் என்றுதான் ரஞ்சிதம் நினைத்திருந்தார். கடைசிக் காட்சியில் வேடம் போட்ட ஆண்கள் வரிசையாக வருகிறார்கள். ரஞ்சிதம் கேட்டுக்கொண்டே போகிறார். கூட்டத்தில் ஒரு பெண் எழுந்து நின்றார்.

"எங்கம்மாதான். தலையில முக்காடு. நேரா மேடைக்கிட்ட வந்து, என்னையப் பாக்கவே இல்ல. வேசம் போட்டுருந்தானுங்கள்ல, அவனுங்களப் பாத்து, எங்க வீட்டு ஆளு உங்களோட இருந்தாரா தம்பி, பேரு காத்தமுத்து, அப்படின்னு கேட்டுச்சு. அவனுங்க என்ன சொல்லுவானுங்க? ஒருத்தன் ராமுன்னு பேரு, எங்களோட பால்வெட்டுறவன். அவன் அழுதுகிட்டே, பாக்கலம்மா, அப்படின்னான்."

ரஞ்சிதம் மேடையிலிருந்து இறங்கி அம்மாவைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டார். நாடகம் அதோடு நின்றது. சுற்றிலும் அத்தனை பெண்களும் அழுதார்கள். அதற்குப் பிறகு எந்தத் தோட்டத்தில் அந்த நாடகம் போட்டாலும் கூட்டத்திலிருந்து யாராவது ஒருத்தி எழுந்துவிடுவாள் என்றார்.

மறுநாளிலிருந்து அம்மா அவரிடம் பேச ஆரம்பித்தார். நாடகத்தைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தையும் பேசியதில்லை. நாடகம் இருக்கும் நாளில் பவுடர் டப்பாவை எடுத்து வெளியே வைத்துவிடுவாராம்.

இதைச் சொல்லி முடித்தவர் திடீரென்று எழுந்தார். சேலையை இழுத்துச் செருகினார். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. அடுப்படிக்கும் சாப்பாட்டு மேசைக்கும் நடுவே இருந்த அந்தச் சின்ன இடத்தில் நின்று அவர் கேட்க ஆரம்பித்தார். எங்க வீட்டு ஆளப் பாத்தீங்களா. உங்களோடதானே வண்டியேறுனாரு. ஒவ்வொரு ஆளும் எதிரே வந்து, பதில் சொல்லாமல் கடந்து போவதை நான் பார்த்தேன். ஆளே இல்லாத இடத்தில் பார்த்தேன். குரல் ஒருதடவைகூட உயரவில்லை. போகப் போகத் தணிந்துகொண்டே வந்தது. கடைசி ஆளிடம் கேட்கும்போது உதடு மட்டும்தான் அசைந்தது.

முடிந்ததும் மேசையைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினார். பிறகு சிரித்தார். வாய்விட்டு, சின்னப் பெண்போல. "மறக்கல பாத்தியா" என்றார்.

அப்போது உள்ளறையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. பேச்சுப் போனவரின் தொண்டையிலிருந்து வரும் சத்தம். நான் கேமராவை நிறுத்தினேன். ரஞ்சிதம் உள்ளே போனார், வெகுநேரம் கழித்து ஈரத்துணியோடு வெளியே வந்தார்.

"அழுவுறாரு. அன்னிக்கு எங்கம்மா எழுந்தப்ப அவரு அந்தக் கூட்டத்துலதான் உக்காந்திருந்தாரு."

துக்க வீடு

படம் முடிவதற்குள் ரஞ்சிதம் போய்விட்டார். நெஞ்சுவலி. பகாவ் மருத்துவமனையிலிருந்து சிரம்பானுக்குக் கொண்டுபோகும் வழியிலேயே உயிர் பிரிந்துவிட்டது.

செய்தி கேட்டுப் போனேன். பந்தலில் பிளாஸ்டிக் நாற்காலிகளில் உட்கார்ந்திருந்தவர்கள் லாரிக்கார முனியாண்டி சம்சாரம் என்றார்கள், சிவா அம்மா என்றார்கள். கடைசிவரைக்கும் புருஷனுக்குப் பார்த்த மகராசி என்றார்கள். எல்லாம் உண்மைதான். யாராவது ஒருவர் மற்றப் பெயரைச் சொல்லமாட்டார்களா என்று காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். யாரும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. அது எனக்குரிய இடமில்லை.

மறுபடியும் அந்த அறை

சிவா படம் முழுவதையும் அசையாமல் பார்த்தார். அடுப்படிக் காட்சி வந்தபோது முன்னால் குனிந்தார். அம்மா சிரித்த இடத்தில் கையை உயர்த்தினார். நிறுத்தினேன். திரையில் சிரித்தபடியே நின்றிருந்த முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இப்படிச் சிரிச்சு நான் பாத்ததில்லக்கா."

பிறகு, இதை யாருக்கும் காட்ட வேண்டாம் என்றார். நான் எதிர்பார்த்ததுதான். அம்மாவின் விருப்பம் வேறாக இருந்தது என்று சொல்லி, படத்தில் சேர்க்காமல் வைத்திருந்த ஒரு பகுதியைப் போட்டேன். அதில் ரஞ்சிதம் என்னைப் பார்த்துப் பேசுகிறார்.

"நான் இருக்கும்போது வேணாம். போனப்புறம் எல்லாருக்கும் காட்டு. மொதல்ல எம்மவன்கிட்ட காட்டு. கோவப்படுவான். சொல்ல முடியாம போச்சுன்னு சொல்லு."

சிவா நாற்காலியிலிருந்து இறங்கித் தரையில் உட்கார்ந்துவிட்டார். நாற்பதைத் தாண்டிய ஆண் அழுவதை அருகிலிருந்து பார்ப்பது சிரமம். நான் கணினியின் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

நடித்தது அவமானமில்லை, அதற்காகச் சொல்லவில்லை என்றார். "அப்பாவ வில்லனா பாப்பாங்கக்கா. அம்மாவ நிறுத்துனவருன்னுதான் பேசுவாங்க. அவரு படுத்த படுக்கையா கெடக்காரு, பதில்கூடச் சொல்ல முடியாது."

அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. படத்தில் ரஞ்சிதம் பேசுகிறார், அவர் கணவர் பேசவில்லை. என் தொழிலில் பேசுகிறவர்களுக்குத்தான் எப்போதும் இடம்.

கேமராவை நிறுத்திய பிறகு உள்ளறையில் நடந்ததை அப்போதுதான் அவரிடம் சொன்னேன். அப்பா அழுததும், அவர் அந்தக் கூட்டத்தில் உட்கார்ந்திருந்ததும் மகனுக்குத் தெரியாது. காத்தமுத்து என்று ஒரு தாத்தா இருந்ததே தெரியாது. ஒரு மாலையில் அத்தனையும் அவர் தலையில் இறங்கியது.

அப்பா இருக்கும்வரை பொறுத்துக்கொள்ளுங்கள் என்று கேட்டார். சரி என்றேன்.

அந்த வாரக் கடைசியில் பகாவிலிருந்து கூப்பிட்டார். அப்பா பக்கத்தில் உட்கார்ந்து, படத்தப் பாத்துட்டேம்பா, அம்மா நல்லா நடிக்கிறாங்கப்பா என்று சொன்னாராம். "கையப் புடிச்சாருக்கா. விடவே இல்ல" என்றார்.

காத்திருந்த காலம்

முனியாண்டி வருடக்கணக்கில் இருந்தார். சிவா அவரை நீலாய்க்கு அழைத்துவந்து நன்றாகப் பார்த்துக்கொண்டார். நானும் அவ்வப்போது போய்ப் பார்ப்பேன். ஒரு மனிதர் இறக்கும்வரை ஒரு படம் காத்திருக்கிறது என்பது மனசுக்குச் சங்கடமான விஷயம். அவருக்கு ஆரஞ்சு உரித்துக் கொடுக்கும்போதெல்லாம் அது எனக்கு நினைவு வரும். அவர் நீண்ட காலம் இருக்கட்டும் என்று நான் வேண்டிக்கொண்டது உண்மை.

இதற்கிடையில் ரந்தாவ் ஓவியர் போய்ச் சேர்ந்தார். போவதற்குமுன் இரண்டொரு தடவை ரஞ்சிதத்த எடுத்தியா, எப்பக் காட்டுவ என்று கேட்டார். எடுத்துவிட்டேன், பொறுங்கள் என்றேன். அவருக்கு மட்டும் ரகசியமாகக் காட்டியிருக்கலாம் என்று யாராவது சொல்லலாம். சிவாவுக்குக் கொடுத்த வார்த்தை அப்படிப்பட்டதல்ல.

எழுத்தாளருக்கு நினைவு தப்பிவிட்டது. நாடகத்தில் பாக்கலம்மா என்று அழுத ராமுவைத் தேடிப் போனேன். அவர் வீட்டில் மாலை போட்ட படம்தான் இருந்தது.

கோலா சாவா

முனியாண்டி காலமாகி ஒரு வருடம் ஆன பிறகு சிவாவே கூப்பிட்டார். எங்கே காட்டலாம் என்று கேட்டார். கோலா சாவாவில்தான் என்றேன். ரஞ்சிதம் நடித்த தோட்டம் இப்போது எண்ணெய்ச் செம்பனைக் காடு. தொழிலாளர்கள் குடியிருந்த லயங்கள் இடிந்துவிட்டன. வெளியே சாலையோரம் கோயில் மட்டும் இருக்கிறது, அதன் பக்கத்தில் ஒரு மண்டபம்.

ஞாயிற்றுக்கிழமை பகல் பூசைக்குப் பிறகு என்று ஏற்பாடு. சன்னல்களுக்குத் துணி கட்டினோம். சிவா வாசலில் நின்று, தன் வீட்டு விசேஷம்போல ஒவ்வொருவரையும் கும்பிட்டு உள்ளே அனுப்பினார். அவர் மனைவி சுண்டல் பரிமாறினார். பூசைக்கு வந்த குடும்பங்கள், சிரம்பானிலிருந்து சில இளைஞர்கள், சாப்பாட்டுக்காகத் தங்கியவர்கள் சிலர். முகம் முகமாகத் தேடினேன். அந்த வயதுக்காரர்கள் ஒருவரும் இல்லை.

படத்துக்குமுன் ஒரு வார்த்தை பேசச் சொன்னேன். சிவாவுக்கு மேடைப் பழக்கம் இல்லை. ஒலிவாங்கியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். எல்லாருக்கும் வணக்கம் என்றார். முன்வரிசையில் ஒரு குழந்தை சிணுங்கியது.

"நான் ரஞ்சிதத்தோட மகன்" என்றார்.

அந்தப் பெயரைக் கேட்டால் எழுந்து நின்று கைதட்டியிருப்பார்கள் ஒரு காலத்தில், அதே இடத்தில். இப்போது மண்டபத்தில் யாருக்கும் அது யாரென்று தெரியவில்லை. அடுத்து என்ன சொல்லப்போகிறார் என்று மரியாதையாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் இறங்கிவந்து மனைவிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

நான் விளக்கை அணைத்தேன்.